பணி நிரந்தரம் கேட்டு கோர்ட்டுக்குப் போகுமுன்: தற்காலிகப் பணியாளர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தினக்கூலி, தொகுப்பூதியம், மதிப்பூதியம், பகுதிநேரம், ஒப்பந்தம், அவுட்சோர்சிங் என்று பெயர் எதுவாகவும் இருக்கட்டும். காலையில் அலுவலகத்தைத் திறப்பவரும் மாலையில் பூட்டிவிட்டுப் போகிறவரும் பல இடங்களில் இந்தத் தற்காலிகப் பணியாளர்தான். பத்து, பதினைந்து வருஷம் ஓடிய பிறகு யாராவது “கேஸ் போட்டால் நிரந்தரம் ஆகிவிடும்” என்கிறார். இன்னொருவர் “உமாதேவி தீர்ப்பு இருக்கிறதே, ஒன்றும் நடக்காது” என்கிறார். இரண்டு பேர் சொல்வதும் பாதிதான் சரி.

நான் வக்கீல் இல்லை. ஒரு தொழிற்சங்க அலுவலகத்தில், இப்படி வருகிறவர்களின் காகிதங்களைப் பிரித்து, வருஷவாரியாக அடுக்கி, வக்கீலிடம் போகத் தயார் செய்து கொடுக்கும் வேலையைச் செய்து வருகிறேன். திரும்பத் திரும்ப வரும் கேள்விகளை, தமிழ்நாட்டில் வேலை பார்ப்பவர்களை மனதில் வைத்து, இங்கே எழுதியிருக்கிறேன். அரசாணைகளில் “பணிவரன்முறை” என்று இருப்பதைத்தான் நாம் பேச்சில் பணி நிரந்தரம் என்கிறோம்.

பத்து வருஷம் முடித்துவிட்டேன். சட்டப்படி நான் நிரந்தரம்தானே?

இல்லை. அரசுத் துறையில் எத்தனை வருஷம் வேலை பார்த்தாலும் அது தானாக நிரந்தரம் ஆகாது. கோர்ட் முதலில் வேறு மூன்று விஷயங்களைப் பார்க்கும். நீங்கள் எந்த வழியில் உள்ளே வந்தீர்கள்? அனுமதிக்கப்பட்ட, அதாவது அரசு முறையாக ஒப்புதல் கொடுத்த, காலிப் பணியிடத்தில் இருந்தீர்களா? செய்த வேலை நிரந்தரத் தன்மை உள்ளதா? வருஷக் கணக்கு இந்த மூன்றுக்கும் பிறகுதான் வருகிறது. எங்கள் அலுவலகத்துக்கு வருகிறவர்கள் எல்லோரும் முதலில் வருஷத்தைச் சொல்வார்கள். நான் முதலில் கேட்பது, “உங்களை வேலைக்குக் கூப்பிட்ட காகிதம் இருக்கிறதா?” என்றுதான்.

எல்லாரும் பயமுறுத்தும் அந்த உமாதேவி தீர்ப்பு என்ன சொல்கிறது?

கர்நாடக வணிகவரித் துறையில் தினக்கூலியாகப் பத்து வருஷத்துக்கு மேல் இருந்தவர்கள் நிரந்தரம் கேட்ட வழக்கு அது. 2006 ஏப்ரல் 10 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னது. அரசு வேலை எல்லோருக்கும் பொதுவானது, விளம்பரம் கொடுத்து, போட்டி வைத்துத்தான் ஆள் எடுக்க வேண்டும், அரசியல் சாசனத்தின் 14, 16ஆம் பிரிவுகள் அதைத்தான் கேட்கின்றன. ஆகவே பின்வாசல் வழியாக வந்தவர்களை நிரந்தரமாக்கும்படி உயர் நீதிமன்றங்கள் வழக்கமாக உத்தரவு போடக் கூடாது என்பது அதன் சாரம்.

அரசு வக்கீல்கள் இதோடு நிறுத்திக்கொள்வார்கள். ஆனால் அதே தீர்ப்பின் 53ஆம் பத்தி இன்னொன்றும் சொல்கிறது. அனுமதிக்கப்பட்ட காலிப் பணியிடத்தில், தகுதியுள்ளவர், கோர்ட் உத்தரவின் தயவு இல்லாமல் பத்து வருஷமோ அதற்கு மேலோ வேலை பார்த்திருந்தால், அவரை ஒருமுறை நடவடிக்கையாக நிரந்தரமாக்கப் பரிசீலிக்க வேண்டும். அந்தப் பணியை ஆறு மாதத்துக்குள் தொடங்க வேண்டும். பல துறைகள் தொடங்கவே இல்லை. 2010இல் எம்.எல். கேசரி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. ஆறு மாதம் கடந்துவிட்டது என்பதால் உரிமை போய்விடாது. தகுதியுள்ள கடைசி ஆளையும் பரிசீலிக்கும்வரை அந்த ஒருமுறை நடவடிக்கை முடிந்ததாகாது.

“கோர்ட் உத்தரவின் தயவு இல்லாமல்” என்ற வார்த்தைகளைக் கவனியுங்கள். தடை உத்தரவு வாங்கி, அந்த ஸ்டேயிலேயே ஓட்டிய வருஷங்கள் இந்தப் பத்தில் சேராது. இது தெரியாமல் பலர் கணக்குப் போட்டுக்கொண்டு வருகிறார்கள்.

முறையற்ற நியமனம், சட்டவிரோத நியமனம் என்கிறார்களே, இரண்டும் ஒன்றுதானே?

ஒன்றில்லை. வழக்கே இதில்தான் நிற்கும். கல்வித் தகுதியே இல்லை, பணியிடமே இல்லை என்றால் அதைச் சட்டவிரோதம் என்பார்கள். அதைச் சரி செய்ய முடியாது. தகுதி இருக்கிறது, பணியிடமும் இருக்கிறது, ஆள் எடுத்த நடைமுறையில் மட்டும் குறை என்றால் அது முறையற்றது. அதைச் சரி செய்யலாம். வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியல் மூலம் அழைத்து, நேர்காணல் வைத்து எடுத்தவர்களின் நிலை இதனால்தான் பலமாக இருக்கிறது. “அந்தக் காலத்தில் கார்டு வந்தது, போனோம், சேர்த்துக்கொண்டார்கள்” என்று சாதாரணமாகச் சொல்வார்கள். அந்த நேர்காணல் அழைப்பு அட்டைதான் உங்கள் வழக்கின் முதுகெலும்பு. கிழித்துப் போட்டிருந்தால்கூட, வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவில் பரிந்துரைத்த விவரம் இருக்கக்கூடும். அங்கே எழுதிக் கேளுங்கள்.

நான் 2006க்குப் பிறகுதான் சேர்ந்தேன். எனக்கு வழியே இல்லையா?

ஐந்து, ஆறு வருஷம் முன்பு கேட்டிருந்தால் தயங்கித்தான் பதில் சொல்லியிருப்பேன். 2024க்குப் பிறகு காற்று கொஞ்சம் மாறியிருக்கிறது.

மத்திய நீர் ஆணையத்தில் 1990களிலிருந்து துப்புரவும் தோட்ட வேலையும் பார்த்தவர்களை 2018இல் ஒரே நாளில் நிறுத்திவிட்டார்கள். அந்த ஜக்கோ வழக்கில் 2024 டிசம்பர் 20 அன்று நீதிபதிகள் விக்ரம் நாத், பிரசன்னா பி. வராலே அமர்வு, அவர்களைத் திரும்ப வேலையில் சேர்த்து நிரந்தரமாக்கச் சொன்னது. பின்வாசல் நியமனத்தைத் தடுக்க வந்த உமாதேவி தீர்ப்பை, நீண்டகாலம் உழைத்தவர்களை விரட்டும் ஆயுதமாகத் துறைகள் பயன்படுத்துகின்றன என்று அந்தத் தீர்ப்பு வெளிப்படையாகவே கண்டித்தது. அடுத்து 2025 ஜனவரி 31 அன்று காசியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர்கள் வழக்கான ஸ்ரீபால் தீர்ப்பும் தொழிலாளர்கள் பக்கமே நின்றது. அப்புறம் 2025 ஆகஸ்ட் 19 அன்று உத்தரப் பிரதேச உயர்கல்விப் பணிகள் ஆணையத்தின் தினக்கூலிகள் தொடுத்த தரம் சிங் வழக்கு. நிதி இல்லை என்பது எல்லாவற்றுக்கும் பதிலாகாது, பணியிடம் இல்லை என்றால் கூடுதல் பணியிடம் உருவாக்கியாவது நிரந்தரமாக்குங்கள் என்று அதில் உத்தரவானது. அடிப்படையான பொதுவேலையை அன்றாடம் செய்கிறவர்களின் முதுகில் அரசு தன் பட்ஜெட்டைச் சமன் செய்யக் கூடாது என்றார்கள். அந்த வரியைப் படித்த அன்று மனதுக்கு நிறைவாக இருந்தது. எத்தனை பேர் எங்கள் முன்னால் உட்கார்ந்து இதையே தங்கள் வார்த்தையில் சொல்லி அழுதிருக்கிறார்கள்.

இதற்கு முன்பே, 2013இல், பஞ்சாப் சிறப்புக் காவலர்களின் நிஹால் சிங் வழக்கு இருக்கிறது. பல்லாண்டுகள் ஆள் வைத்து வேலை வாங்கிவிட்டு, பணியிடமே உருவாக்கவில்லை என்று அரசு சொல்வதை அந்தத் தீர்ப்பு ஏற்கவில்லை. “போஸ்ட்டே இல்லை” என்று பதில் வந்தவர்கள் இதை வக்கீலிடம் நினைவுபடுத்துங்கள்.

ஆனால் ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். உமாதேவி ஐந்து நீதிபதிகளின் தீர்ப்பு. பின்னால் வந்தவை இரண்டு நீதிபதிகளின் தீர்ப்புகள். அவை உமாதேவியை ரத்து செய்யவில்லை. அதற்குள் நின்று வழி காட்டுகின்றன. ஆகவே ஜக்கோ, தரம் சிங் வழக்குகளில் இருந்த அம்சங்கள் உங்கள் வழக்கிலும் இருக்கின்றன என்று காட்ட வேண்டியது உங்கள் பொறுப்பு.

தமிழ்நாட்டில் அரசாணை 22 என்கிறார்களே, அது எனக்குப் பொருந்துமா?

பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறையின் அரசாணை நிலை எண் 22, நாள் 28.02.2006. உமாதேவி தீர்ப்புக்கு ஆறு வாரம் முன்பு வந்தது. 1.1.2006 அன்று பத்து ஆண்டு முடித்த தினக்கூலிப் பணியாளர்களைப் பணிவரன்முறை செய்ய அது வழி செய்தது. பத்து ஆண்டு எப்போது முடிந்தாலும் பொருந்தும் என்று பலர் வாதாடினார்கள். பிறகு 27.06.2013 தேதியிட்ட அரசாணை எண் 74 வந்து அந்தக் கதவை இறுக்கியது: 1.1.2006 அன்றே பத்து ஆண்டு முடித்த முழுநேரத் தினக்கூலிகளுக்கு மட்டும்தான், பகுதிநேரப் பணியாளர்களுக்கு இல்லை. 2014இல் பள்ளிக் கல்வித் துறையின் பகுதிநேரத் துப்புரவாளர்கள் தொடர்பான கோவிந்தசாமி வழக்கில் உச்ச நீதிமன்றமும், பகுதிநேரப் பணியாளர்கள் நிரந்தரம் கோர முடியாது என்றே சொன்னது.

ஆகவே பலருடைய வழக்கில் உண்மையான சண்டை ஒரே சொல்லில் இருக்கிறது: பகுதிநேரமா, முழுநேரமா? ஆணையில் “பகுதிநேரத் துப்புரவாளர்” என்று இருக்கும். நடப்பில் காலை எட்டரைக்கு வந்து இரவு ஏழுக்குப் போகிறவராக இருப்பார்.

ஓர் அம்மா வந்தார்கள். ஓர் அரசு அலுவலகத்தில் பதினேழு வருஷம். காகிதத்தில் தினம் இரண்டு மணி நேரப் பெருக்கும் வேலை. “அப்புறம் நாள் முழுக்க என்னம்மா செய்வீர்கள்?” என்று கேட்டேன். “டீ வாங்கி வருவேன், பைல் எடுத்துக் கொடுப்பேன், தபால் கொண்டுபோய்க் கொடுப்பேன் தம்பி” என்றார்கள். தபாலைக் கையில் வாங்குகிறவர்கள் கையெழுத்துப் போடுவார்களே, அந்தத் தபால் பட்டுவாடா நோட்டு என்னவாயிற்று? முடிந்துபோன நோட்டுகள் பழைய ரிக்கார்டு அறையில் கட்டி வைத்திருந்தன. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் நகல் கேட்டோம். காலை பதினொன்றுக்கு ஆட்சியர் அலுவலகம், மதியம் இரண்டரைக்குக் கருவூலம், நாலு மணிக்கு இன்னொரு அலுவலகம் என்று வருஷக்கணக்காகப் பக்கங்கள். ஒவ்வொரு வரியிலும் கொண்டுபோனவர் பெயர் என்ற இடத்தில் அந்த அம்மாவின் பெயர், அலுவலகக் கிளார்க்கின் கையெழுத்தில். இரண்டு மணி நேர வேலை என்று சொன்ன அலுவலகமே, அவர் முழுநாளும் வேலை பார்த்ததைத் தன் நோட்டிலேயே எழுதி வைத்திருந்தது.

240 நாள் முடித்தால் நிரந்தரம் என்கிறார்கள். 480 நாள் என்றும் சொல்கிறார்கள். எது சரி?

இரண்டும் இருக்கின்றன, ஆனால் இரண்டும் வேறு. பன்னிரண்டு மாதத்தில் 240 நாள் வேலை பார்த்தால், 1947ஆம் ஆண்டு தொழில் தகராறுகள் சட்டப்படி (இப்போது அதன் இடத்தில் வந்திருப்பதைக் கீழே சொல்கிறேன்) உங்களைச் சும்மா வெளியே அனுப்ப முடியாது. ஒரு மாத நோட்டீஸ், வருஷத்துக்குப் பதினைந்து நாள் சம்பளம் இழப்பீடு என்று நடைமுறை உண்டு. அது ஆட்குறைப்பிலிருந்து பாதுகாப்பு. நிரந்தரம் தரும் சட்டம் இல்லை.

480 நாள் என்பது தமிழ்நாட்டுக்கே உரியது. தொழில் நிறுவனங்களில் தொழிலாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்கும் 1981ஆம் ஆண்டுச் சட்டம். 24 மாதத்துக்குள் 480 நாள் தொடர்ந்து வேலை பார்த்தவர் நிரந்தரமாக்கப்பட வேண்டும் என்று அதன் 3ஆம் பிரிவு சொல்கிறது. இவ்வளவு நேரடியான சட்டம் நம் கையில் இருப்பது பெரிய விஷயம். ஆனால் அது “தொழில் நிறுவனம்” என்ற வரையறைக்குள் வரும் இடங்களுக்குத்தான். தொழிற்சாலை, தோட்டம், பேருந்துப் போக்குவரத்து, கடை நிறுவனம் போன்றவை அதில் வரும். தாலுகா அலுவலகமோ அரசுப் பள்ளியோ வராது. மின்வாரியத்தில் ஒப்பந்தத் தொழிலாளர் பலர் இந்தச் சட்டத்தை வைத்துத்தான் போராடினார்கள். 2003 நவம்பரில் தொகுப்பூதியத்தில் சேர்ந்த டாஸ்மாக் கடைப் பணியாளர்கள் கேட்பதும் இதையே. இதற்கு முதலில் போக வேண்டிய இடம் அந்தச் சட்டத்தின்கீழ் ஆய்வாளராக அறிவிக்கப்பட்ட தொழிலாளர் துறை அதிகாரி. கோர்ட் அதற்குப் பிறகுதான்.

இன்னொன்று. நிரந்தரத்தை மறுப்பதற்காகவே ஒருவரை வருஷக்கணக்கில் தற்காலிகமாக வைத்திருப்பது தொழில் தகராறுகள் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணைப்படி நேர்மையற்ற தொழில் நடைமுறை. அதைத் தடுக்கத் தொழிலாளர் நீதிமன்றத்துக்கு உள்ள அதிகாரத்தை உமாதேவி தீர்ப்பு பறிக்கவில்லை என்று 2009இல் மகாராஷ்டிரப் போக்குவரத்துக் கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2025 நவம்பர் 21 முதல் அந்தப் பழைய சட்டத்தின் இடத்தில் தொழில் உறவுகள் சட்டத்தொகுப்பு நடைமுறைக்கு வந்துவிட்டதால், உங்கள் தகராறு எந்தத் தேதியில் எழுந்தது, எந்தப் பிரிவில் மனுப் போடுவது என்பதை மட்டும் வக்கீலிடம் உறுதி செய்துகொள்ளுங்கள்.

சரி, எந்தக் கோர்ட்டுக்குப் போக வேண்டும்?

மாநில அரசுத் துறை என்றால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அரசுக்கு நேராக உத்தரவு போடச் சொல்லிக் கேட்கும் மனு. தமிழ்நாட்டில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லை. தென் மாவட்டங்கள் என்றால் மதுரைக் கிளை, மற்றவர்களுக்குச் சென்னை. மத்திய அரசு அலுவலகம் என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு. மின்வாரியம், போக்குவரத்துக் கழகம், மாநகராட்சி மாதிரி தொழில் நடக்கும் இடமாக இருந்து நீங்கள் தொழிலாளி என்ற வரையறைக்குள் வந்தால், சமரச அதிகாரி வழியாகத் தொழிலாளர் நீதிமன்றமோ தொழில் தீர்ப்பாயமோ.

என் அனுபவத்தில், தொழிலாளர் நீதிமன்றப் பாதை திறந்திருக்கும்போது அதை விட்டுவிட்டு நேராக ரிட் போடுவது பல நேரம் தவறான முடிவு. ரிட் மனு பிரமாண வாக்குமூலத்தில் ஓடும். “முழுநேரம் வேலை பார்த்தேன்” என்று நீங்கள் சொல்ல, “இல்லை” என்று துறை சொன்னால், உண்மை எது என்று சாட்சி விசாரிக்க அங்கே இடம் குறைவு. தொழிலாளர் நீதிமன்றத்தில் கூண்டில் ஏறிச் சொல்லலாம், அதிகாரியைக் குறுக்கு விசாரணை செய்யலாம், பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லலாம்.

நான் ஒப்பந்ததாரர் மூலம் வந்தவர். அரசு என்னைத் தன் ஆள் இல்லை என்கிறது.

இது எல்லாவற்றிலும் கடினமான வழக்கு. 2001 ஆகஸ்ட் 30 அன்று இந்திய எஃகு ஆணைய வழக்கில், ஒப்பந்தத் தொழிலாளர் முறையை ஓர் இடத்தில் ஒழித்தாலும் அங்கே இருந்த தொழிலாளர்கள் தானாக நிறுவனத்தின் ஆட்கள் ஆகிவிட மாட்டார்கள் என்று ஐந்து நீதிபதிகள் சொல்லிவிட்டார்கள். மிச்சம் வைத்த வழி ஒன்று: அந்த ஒப்பந்தமே வெறும் போர்வை, உண்மையான முதலாளி நிறுவனம்தான் என்று தொழில் தீர்ப்பாயத்தில் நிரூபிப்பது. யார் வேலையைப் பிரித்துக் கொடுத்தார்? லீவு யாரிடம் கேட்டீர்கள்? மெமோ யார் கொடுத்தார்? மூன்று ஒப்பந்ததாரர் மாறியும் அதே நாற்காலியில் அதே வேலையில் நீங்கள் இருந்தீர்களா? இதற்கெல்லாம் காகிதத்தில் பதில் வேண்டும். வாட்ஸ்அப் குழுவில் அதிகாரி போட்ட வேலை உத்தரவுகூட உதவும்; போனை மாற்றும்போது அழித்துவிடாதீர்கள்.

2025 ஆகஸ்ட் 1 முதல் சென்னை ரிப்பன் மாளிகை வாசலில் 5, 6ஆம் மண்டலத் தூய்மைப் பணியாளர்கள் பதின்மூன்று நாள் உட்கார்ந்திருந்தது நினைவிருக்கும். வருஷக்கணக்காக மாநகராட்சியின் குப்பையை அள்ளியவர்களைத் தனியார் நிறுவனத்தின் ஆட்களாக மாற்றுவதை எதிர்த்து நடந்த போராட்டம் அது. 13ஆம் தேதி நள்ளிரவில் போலீஸ் அப்புறப்படுத்தியது. இந்த வகை வழக்கில் முதல் நாளிலிருந்தே சங்கம் வழியாகத் தகராறு எழுப்புவது முக்கியம் என்பதற்குக் காரணம் உண்டு. தகராறு நிலுவையில் இருக்கும்போது தொழிலாளிக்குப் பாதகமாக வேலை நிபந்தனையை மாற்ற நிர்வாகத்துக்குச் சட்டத்தில் கட்டுப்பாடு இருக்கிறது.

என்னென்ன காகிதம் வேண்டும்?

நியமன ஆணை, வேலைவாய்ப்பு அலுவலக அழைப்பு, அடையாள அட்டை, சம்பளம் வரவான வங்கிப் பாஸ்புக், பி.எஃப். கணக்கு விவரம், இ.எஸ்.ஐ. அட்டை, வருகைப் பதிவேட்டு நகல், தேர்தல் பணி, மக்கள்தொகைக் கணக்கெடுப்பு மாதிரி வேலைக்கு உங்கள் பெயர் போட்டு வந்த உத்தரவு, நிரந்தரமாக்கச் சொல்லி உங்கள் அதிகாரி மேலிடத்துக்கு எழுதிய பரிந்துரைக் கடிதம். இந்தக் கடைசிக் கடிதம் மிகப் பலமானது. பல அலுவலகங்களில் நல்ல மனமுள்ள ஓர் அதிகாரியாவது அப்படி எழுதியிருப்பார்.

கையில் இல்லாததைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். வெள்ளைத்தாளில் எழுதி, பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, பதிவுத் தபாலில் அனுப்பினால் போதும். முப்பது நாளில் பதில் வர வேண்டும். “என்னை ஏன் நிரந்தரமாக்கவில்லை?” என்று கேட்காதீர்கள், அதற்குப் பதில் வராது. “இந்த அலுவலகத்தில் அனுமதிக்கப்பட்ட அலுவலக உதவியாளர் பணியிடங்கள் எத்தனை, 2010 முதல் வருஷவாரியாகக் காலியிடங்கள் எத்தனை, இன்ன தேதி முதல் இன்ன தேதி வரையிலான வருகைப் பதிவேட்டின் நகல்” என்று கேளுங்கள். வழக்குப் போட்ட பிறகு கேட்பதைவிட, போடுவதற்கு முன் கேட்பது நல்லது.

மாதாமாதம் நாலு நாள் பிரேக் கொடுத்து மறுபடி சேர்த்துக்கொள்கிறார்கள். தொடர்ச்சி அறுந்துவிடுமா?

தொடர்ச்சியை உடைப்பதற்காகவே கொடுக்கும் செயற்கையான இடைவெளியைக் கோர்ட்டுகள் பெரும்பாலும் ஏற்பதில்லை. ஆனால் நீங்களாகப் போகாமல் இருந்தீர்கள் என்று துறை சொல்லும். பிரேக் கொடுத்த தேதிகளை ஒரு டைரியில் குறித்து வாருங்கள்.

கோர்ட் “பரிசீலிக்கவும்” என்று உத்தரவு போட்டது. ஜெயித்துவிட்டேனா?

இன்னும் இல்லை. மனுதாரரின் கோரிக்கையைப் பன்னிரண்டு வாரத்தில் சட்டப்படி பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும் என்ற உத்தரவுக்கு, நிரந்தரமாக்கு என்று அர்த்தம் இல்லை. இனிப்பு வாங்கிக்கொண்டு எங்கள் அலுவலகத்துக்கு வந்தவர்களிடம் இதைச் சொல்வது எனக்கு மிகக் கஷ்டமான வேலை. துறை பரிசீலித்து, “விதிகளில் இடமில்லை” என்று இரண்டு பக்கத்தில் நிராகரிக்கும். பிறகு அந்த நிராகரிப்பை எதிர்த்து மறுபடி ஒரு ரிட். இப்படியே நாலைந்து வருஷம் போய்விடும். ஆகவே முதல் மனுவிலேயே, முடிந்தவரை, நிராகரிப்பு உத்தரவை வாங்கி அதை ரத்து செய்யக் கோருங்கள்.

பழைய விஷயத்தை இப்போது ஒரு விண்ணப்பம் கொடுத்து உயிர்ப்பிக்கலாம் என்றும் நினைக்காதீர்கள். நம் மாநிலத்திலிருந்து போன சி. ஜேக்கப் வழக்கில் 2008இல் உச்ச நீதிமன்றம், காலம் கடந்த கோரிக்கைக்குப் புது விண்ணப்பம் புது உயிர் தராது என்று சொல்லிவிட்டது.

தெளிவான உத்தரவு வந்தும் துறை நிறைவேற்றவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு உண்டு. அதற்கு ஓராண்டுதான் காலம். “அதிகாரி செய்கிறேன் என்றார், காத்திருந்தோம்” என்று பதின்மூன்றாவது மாதம் வந்து நின்றவர்கள் இருக்கிறார்கள்.

கேஸ் போட்டால் உள்ள வேலையும் போய்விடுமா?

இந்தப் பயம் நியாயமானது. வழக்குப் போட்டதற்காகவே நீக்கினால் அதைக் கோர்ட்டில் எதிர்க்கலாம், ஆனால் அதுவரை வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே. தனியாகப் போகாதீர்கள். ஒரே நிலையில் உள்ளவர்கள் சேர்ந்தோ, சங்கத்தின் பெயரிலோ போவது பாதுகாப்பு. மனுவோடு, இருக்கும் நிலை தொடர வேண்டும் என்று இடைக்கால உத்தரவும் கேளுங்கள்.

நிரந்தரம் கிடைக்காவிட்டால் எல்லாம் வீண்தானா?

நிச்சயமாக இல்லை. நிரந்தரம் ஒன்றையே பார்த்துக்கொண்டு, எளிதில் கிடைக்கக் கூடியதை விட்டுவிடுகிறோம். 2016 அக்டோபர் 26 அன்று பஞ்சாப் மாநில ஜக்ஜித் சிங் வழக்கில், நிரந்தரப் பணியாளர் செய்யும் அதே வேலையைச் செய்யும் தற்காலிகப் பணியாளருக்கு, அந்தப் பதவியின் காலமுறை ஊதியத்தின் (நிரந்தரப் பணியாளருக்கான சம்பள விகிதத்தின்) குறைந்தபட்சத்தையாவது கொடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2012இல் ஐயாயிரம் ரூபாய்க்குச் சேர்ந்த 16,549 பகுதிநேர ஆசிரியர்களையும், கௌரவ விரிவுரையாளர்களையும் நினைத்துப் பாருங்கள். சம்பளக் கோரிக்கை எத்தனை பெரிய விஷயம் என்று தெரியும். ஆனால் வேலை, பொறுப்பு, தகுதி எல்லாம் ஒன்று என்று காட்ட வேண்டியது நீங்கள்.

பணிக்கொடையும் (கிராஜுவிட்டி) அப்படித்தான். ஐந்து வருஷம் முடித்தால் சட்டப்படி உரிமை. தினக்கூலியாக இருந்த வருஷங்களையும் சேர்க்க வேண்டும் என்று 2018இல் நேத்ராம் சாகு வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. அங்கன்வாடி ஊழியர்களுக்கும் பணிக்கொடை உண்டு என்று 2022 ஏப்ரல் 25 அன்று சொல்லிவிட்டார்கள். மஸ்டர் ரோலில், அதாவது தினக்கூலிப் பட்டியலில், உள்ள பெண்களுக்கு மகப்பேறு விடுப்பு உண்டு என்ற தீர்ப்பு 2000ஆம் ஆண்டிலேயே வந்துவிட்டது. “தற்காலிகத்துக்கு ஏதம்மா மகப்பேறு விடுப்பு?” என்று இன்றைக்கும் சொல்லி அனுப்பும் அலுவலகங்கள் இருக்கின்றன. எழுத்தில் பதில் கேளுங்கள்.

நிரந்தரம் கோர்ட்டில்தான் கிடைக்குமா?

பெரிய எண்ணிக்கையில் கிடைத்தது பெரும்பாலும் அரசாணையில்தான். 2001 இறுதியில் புதிய நியமனத் தடை வந்தது. அதன் பிறகு பள்ளிகளில் தொகுப்பூதியத்தில் ஆசிரியர்களை எடுத்தார்கள். அவர்களைக் காலமுறை ஊதியத்துக்குக் கொண்டுவந்தது 2006 ஜூன் 1 முதல் நடைமுறையான அரசு முடிவு. அதனால் வழக்கும் போராட்டமும் ஒன்றுக்கொன்று எதிரி என்று நினைக்காதீர்கள். கோர்ட்டில் வாங்கிய ஒரு வரி பேச்சுவார்த்தை மேசையில் உதவும். தெருவில் நின்றதால் வந்த ஒரு பதில் கடிதம் கோர்ட்டில் ஆவணமாகும்.

வெளியே லட்சக்கணக்கானவர்கள் தேர்வெழுதிக் காத்திருக்கிறார்கள். எங்களை நிரந்தரமாக்கினால் அவர்களுக்கு அநியாயம் இல்லையா?

இந்தக் கேள்வியை வேலை தேடும் இளைஞர்கள் கேட்பதுண்டு, சில நேரம் தற்காலிகப் பணியாளர்களே மனம் உறுத்திக் கேட்கிறார்கள். உறுத்தலில் நியாயம் இருக்கிறது. டி.என்.பி.எஸ்.சி. தேர்வுக்கு மூன்று வருஷம் படிக்கும் பெண்ணுக்கும் 69 சதவீத இட ஒதுக்கீட்டில் தன் இடத்துக்குக் காத்திருக்கும் பையனுக்கும் பதில் சொல்லியாக வேண்டும். சிபாரிசில் ஆளை உள்ளே வைத்துப் பத்து வருஷம் கழித்து நிரந்தரமாக்குவதை நான் ஆதரிக்க மாட்டேன். உமாதேவி தீர்ப்பு தடுக்க நினைத்ததும் அதைத்தான்.

ஆனால் 2015இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியத்தின் தேர்வை எழுதி, மதிப்பெண் வாங்கி, அதன் பிறகும் ஒப்பந்த அடிப்படையில் வைக்கப்பட்ட செவிலியர்கள் எந்தப் பின்வாசலில் வந்தார்கள்? பணியிடத்தை வருஷக்கணக்கில் நிரப்பாமல் வைத்து, அந்த வேலையைக் கால்வாசிச் சம்பளத்தில் வாங்கியதால் இளைஞரும் ஏமாந்தார், உள்ளே இருப்பவரும் ஏமாந்தார். இருவரும் கேட்க வேண்டியது ஒன்றே: காலிப் பணியிடங்களை நேரத்துக்கு நிரப்பு.

ஜெயித்தால் எந்தத் தேதியிலிருந்து கணக்கு?

உத்தரவில் எழுதியிருக்கும் தேதிதான் எல்லாம், அதனால் மனுவில் தேதியைத் தெளிவாகக் கேளுங்கள். தமிழ்நாட்டில் 2003 ஏப்ரல் 1 முதல் பணிக்கு வந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதியம் இல்லை. ஆகவே நிரந்தரமான தேதி ஒரு நாள் இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்பதில் முதுமைக் கால வருமானமே மாறிவிடும். நிலுவைச் சம்பளம் பெரும்பாலும் முழுதாகக் கிடைக்காது. ஜக்கோ வழக்கிலேயே வேலை இல்லாத காலத்துக்குச் சம்பளம் தரவில்லை. ஆனால் பணித்தொடர்ச்சியை ஓய்வுக்காலப் பலன்களுக்குச் சேர்த்துக்கொள்ளச் சொன்னார்கள்.

பணம் கொடுத்தால் ஆர்டர் வாங்கித் தருகிறேன் என்கிறார் ஒருவர்.

கொடுக்காதீர்கள். அப்படி வரும் ஆணை பின்னால் ரத்தாகும்போது, நேர்மையாக வந்த உங்கள் பழைய வருஷங்களையும் சேர்த்துச் சந்தேகத்தில் தள்ளிவிடும்.

வக்கீல் செலவுக்கு வழி இல்லை.

பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், தொழில் நிறுவனத் தொழிலாளர்கள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவசச் சட்ட உதவி உண்டு. எண் 15100. உயர் நீதிமன்றத்திலேயே சட்டப் பணிகள் குழு இருக்கிறது. ஆதார் நகல், உங்கள் காகிதக் கட்டு, ஒரு பக்கத்தில் வருஷவாரியாக எழுதிய உங்கள் கதை, இந்த மூன்றோடு போங்கள். அந்த ஒரு பக்கத்தை எழுதவே ஒரு நாள் எடுத்துக்கொண்டாலும் பரவாயில்லை.

வழக்கு முடிவதற்குள் ஓய்வு வயது வந்துவிட்டால்? நான் இல்லாமல் போய்விட்டால்?

தரம் சிங் வழக்கில் உள்ளவர்கள் உயர் நீதிமன்றத்துக்குப் போனது 2000இல். முடிவு வந்தது 2025இல். அதற்குள் ஓய்வு வயதைக் கடந்தவர்களுக்கு நிலுவையும் ஓய்வுக்காலப் பலனும், இறந்துபோனவர்களின் வாரிசுகளுக்கு நிலுவைத் தொகையும் கொடுக்கச் சொன்னார்கள். ஆனால் வாரிசுகள் வழக்கில் சேர்க்கப்பட்டிருக்க வேண்டும். மனுதாரர் இறந்தால் குடும்பம் உடனே வக்கீலிடம் சொல்லி, வாரிசுச் சான்றிதழ் வாங்கி, தங்களைச் சேர்க்க மனுப் போட வேண்டும். பல வீடுகளில் கேஸ் நடப்பதே மனைவிக்கோ பிள்ளைகளுக்கோ தெரியாது. வழக்கு எண், எந்தக் கோர்ட், வக்கீல் பெயர், அவர் போன் எண், இந்த நாலையும் ஒரு தாளில் எழுதி ரேஷன் கார்டு இருக்கும் பையில் இன்றைக்கே வைத்துவிடுங்கள்.